வீட்டுக்குள் இருந்த வெளியேற்றம்: சுமதி சிவமோகனின் எழுத்தும் மேடையும் திரையும்

கனடியத் தேசியத் திரைப்படச் சபையின் தயாரிப்பாக 2005இல் 'நோ மோர் டியர்ஸ் சிஸ்டர்' என்றோர் ஆவணப்படம் வெளிவந்தது. இயக்கியவர் ஹெலன் குளொடாவ்ஸ்கி. பின்னணிக் குரல் எழுத்தாளர் மைக்கல் ஒண்டாச்சியினுடையது. யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மருத்துவ பீடத்தில் உடற்கூற்றியல் துறைக்குத் தலைமை வகித்த ராஜனி திராணகமவின் வாழ்வும் கொலையுமே அதன் பொருள். மறைந்தவரின் வாழ்க்கையை மீள நிகழ்த்திக் காட்டும் காட்சிகள் படத்தில் நிறைய உண்டு. அவற்றில் ராஜனியாக நடித்தவர் தொழில்முறை நடிகை அல்லர். ராஜனியின் இளைய மகள் ஷாரிகா. பத்து வயதளவில் தாயைப் பறிகொடுத்த ஒரு பெண், வளர்ந்தபின் தாயின் சேலையைக் கட்டி, தாயின் சைக்கிளில் ஏறித் திரையில் வருகிறாள். நடிப்பு என்ற சொல் அந்த இடத்தில் போதாமல் போய்விடுகிறது.

இந்தக் குடும்பத்துப் பெண்களைப் பற்றி நமது முஸ்லிம் எழுத்து வட்டாரத்தில் ஒழுங்காக எழுதப்பட்டதில்லை என்பது என் எண்ணம். ராஜனியை அறிவோம். 'முறிந்த பனை'யை அறிவோம். படிக்காதவர்கூட அதன் பெயரைச் சொல்வர். ஆனால் ராஜனியின் கடைசித் தங்கை சுமதி சிவமோகன் பற்றிக் கேட்டால், "பேராதனையில் இங்கிலிஷ் படிப்பிக்கிற அம்மாவா?" என்ற அளவோடு பேச்சு நின்றுவிடுகிறது. வடபுல முஸ்லிம்களின் 1990 வெளியேற்றத்தைத் தன் கலையின் நடுவில் வைத்துக்கொண்ட தமிழ்க் கலைஞர் அவர். கவிஞர், நாடகாசிரியர், மேடையில் தானே ஏறி நிகழ்த்துபவர், திரைப்பட இயக்குநர். அவரது கதையை நம் வரலாற்றோடு சேர்த்து வாசிக்க வேண்டிய தேவை இருக்கிறது. அது எப்படி என்பதைச் சொல்வதற்குக் குடும்பத்திலிருந்தே தொடங்க வேண்டும்.

ராஜசிங்கம் என்ற யாழ்ப்பாணத்து ஆசிரியருக்கு நான்கு பெண் மக்கள். மூத்தவர் நிர்மலா. யாழ்ப்பாணத்து நவீன மேடையில் 1970களின் இறுதியில் நடிகையாகவும் மொழிபெயர்ப்பாளராகவும் அறியப்பட்டவர். பல்கலைக்கழகத்தில் ஆங்கிலம் கற்பித்தவர். 1982 ஒக்டோபரில் சாவகச்சேரிப் பொலிஸ் நிலையம் தாக்கப்பட்டபின், காயப்பட்ட புலி உறுப்பினருக்கு உதவியதாகக் குற்றஞ்சாட்டப்பட்டுப் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைதானார். அச்சட்டத்தில் கைதான முதற் பெண் அவரே என்பர். 1983 ஜூலைப் படுகொலைகளின்போது வெலிக்கடையில் இருந்தார்; பிறகு மட்டக்களப்புச் சிறைக்கு மாற்றப்பட்டார். 1983 செப்டெம்பரில் அங்கு கைதிகள் சிறையுடைத்து வெளியேறியபோது பெண்கள் பகுதியில் இருந்த அவர் தப்ப முடியவில்லை. 1984இல் புலிகள் வந்து அவரை மீட்டுச் சென்றனர். மீட்டவர்களோடு அவரால் நெடுநாள் இருக்க முடியவில்லை என்பதுதான் கதையின் முக்கிய திருப்பம். இயக்கத்தின் உள்ளே ஜனநாயகம் இல்லை, பெண்ணுக்குக் குரல் இல்லை என்று சொல்லிக்கொண்டு விலகினார். லண்டனில் வாழத் தொடங்கினார்.

இரண்டாமவர் ராஜனி. 1954இல் பிறந்தவர். ஆரம்பத்தில் இயக்கத்துக்கு ஆதரவாக இயங்கி, பின்னர் எல்லா ஆயுதங்களையும் ஒரே அளவுகோலால் அளக்கக் கற்றுக்கொண்டவர். இந்திய அமைதிப் படை, இலங்கை இராணுவம், தமிழ் இயக்கங்கள் எல்லாவற்றின் கொடுமைகளையும் பதியும் மனித உரிமைகளுக்கான பல்கலைக்கழக ஆசிரியர் அமைப்பை யாழ்ப்பாணத்தில் சக ஆசிரியர்களோடு சேர்ந்து நிறுவினார். ராஜன் ஹூல், தயா சோமசுந்தரம், கே. சிறீதரன் ஆகியோருடன் சேர்ந்து 'முறிந்த பனை'யை எழுதினார். 1989 செப்டெம்பர் 21ஆம் திகதி பல்கலைக்கழகத்திலிருந்து சைக்கிளில் வீடு திரும்பும் வழியில், திருநெல்வேலியில் சுட்டுக்கொல்லப்பட்டார். கொன்றவர்கள் விடுதலைப் புலிகளே என்பது அவரது சகாக்களினதும் குடும்பத்தினதும் முடிவு. இயக்கம் பொறுப்பேற்கவில்லை.

அதிலிருந்து பதின்மூன்று மாதங்கள் கழித்துத்தான் நமது வெளியேற்றம் நிகழ்ந்தது. இந்த இரண்டு திகதிகளையும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பவர் குறைவு. 1990 ஒக்டோபரில் யாழ்ப்பாணம், மன்னார், முல்லைத்தீவு, கிளிநொச்சி, வவுனியாவின் புலிகள் ஆண்ட பகுதிகள் எங்கும் முஸ்லிம்கள் வெளியேறும்படி பணிக்கப்பட்டனர். யாழ்ப்பாண நகரில் ஒக்டோபர் 30ஆம் திகதி இரண்டு மணி நேரமே தரப்பட்டது. ஏறத்தாழ 75,000 பேர். எங்கள் முல்லைத்தீவுப் பக்கத்தில் நீராவிப்பிட்டி, தண்ணீரூற்று, ஹிஜ்ராபுரம் ஆகிய ஊர்கள் வெறிச்சோடின. கிளிநொச்சி மாவட்டத்தில் நாச்சிக்குடாக் கடற்றொழிலாளரும் போயினர். நெல் வயலில் நின்றது, மாடு பட்டியில் நின்றது, ஆட்கள் நடந்தார்கள். ராஜனி போன்றோரைக் கொன்று, நிர்மலா போன்றோரை வெளியே அனுப்பி, மற்றவரின் வாயைக் கட்டிய பிறகு, அப்படியொரு ஆணை பிறக்கும்போது "ஏன்?" என்று உரத்துக் கேட்க வடக்கில் யார் எஞ்சியிருந்தார்கள்? தமிழர் ஏன் தடுக்கவில்லை என்று இன்றைக்கும் நம்மவர்கள் கேட்பது நியாயம். அக்கேள்விக்கான விடையில் ஒரு பங்கு திருநெல்வேலி வீதியில் சிந்திய இரத்தத்தில் இருக்கிறது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். ராஜனியின் சகாக்கள் பின்னர் தலைமறைவாக இருந்தபடி வெளியிட்ட அறிக்கைகளில் வெளியேற்றம் பதிவாகியது. ஆனால் அவர்கள் அதை யாழ்ப்பாணத்திலிருந்தபடி பகிரங்கமாகப் பேச முடியவில்லை.

ஆக, சுமதி எழுத வந்தபோது அவர் முன்னால் இருந்தது தமக்கையின் சாவு மட்டுமல்ல. தமக்கையின் சாவுக்குப் பின் ஒரு சமூகம் பேச மறந்துபோன நிலையும் இருந்தது.

அவருடைய முதல் களம் நாடகமும் கவிதையும். 'தின் வெயில்ஸ்', 'இன் த ஷடோ ஒஃப் த கன்', 'த விக்கட் விட்ச்' ஆகிய நாடகப் பிரதிகளுக்காக 2001ஆம் ஆண்டுக்கான கிரேஷன் பரிசைப் பகிர்ந்துகொண்டார். இலங்கையில் ஆங்கிலத்தில் எழுதுவோருக்காக மைக்கல் ஒண்டாச்சி ஏற்படுத்திய பரிசு அது. மெல்லிய திரைகள், துப்பாக்கியின் நிழலில், பொல்லாத சூனியக்காரி என்று தலைப்புகளைத் தமிழாக்கிப் பார்த்தாலே அவற்றின் உலகம் பிடிபடும்: துவக்கு வாசலில் நிற்கும் வீட்டில் பெண் என்ன பேசலாம், எதைப் பேசினால் சூனியக்காரி ஆவாள். எழுதிக் கொடுத்துவிட்டு ஒதுங்குகிறவர் அல்லர் சுமதி. மேடையில் தானே ஏறி நிகழ்த்துபவர் என்றே அறியப்பட்டவர். ஒரே உடல் தாயாகவும் போராளியாகவும் விதவையாகவும் மாறி மாறிப் பேசும் தனிநபர் நிகழ்த்துகை நம் ஊர்க் கூத்துக்கும் ஒப்பாரிக்கும் அவ்வளவு தூரத்தது அல்ல. அதே ஆண்டளவில் மார்கா நிறுவனத்தின் வெளியீடாகத் தமிழ்த் தேசியத்தின் நெருக்கடியையும் இராணுவமயமாதலையும் பற்றி அவர் எழுதிய சிறுநூலும் வந்தது. ஒரு கையால் ஆய்வு, மறு கையால் மேடை.

இங்கே எனக்கொரு மனத்தாங்கல் உண்டு, மறைக்க விரும்பவில்லை. இவை எல்லாம் ஆங்கிலத்தில் இருக்கின்றன. புத்தளத்துத் தில்லையடி முகாமில் கிடுகுக் கொட்டிலுக்குள் வளர்ந்த பிள்ளைகளுக்கோ, புதுக்குடியிருப்பில் பதுங்கு குழிக்குள் வளர்ந்த பிள்ளைகளுக்கோ எட்டாத மொழி அது. 2001இல் அவை ஆங்கிலத்தில் இருந்ததற்குக் காரணம் இருந்தது. அந்நாளில் தமிழில் அப்படி எழுதி வடக்கில் மேடையேற்றுவது உயிரோடு விளையாடுவது. ஆங்கிலம் ஒரு மறைவிடம். ஆனால் 2009க்குப் பிறகும் அந்தப் பிரதிகளைத் தமிழுக்குக் கொண்டுவரும் பொறுப்பை நாம் எவரும் எடுத்துக்கொள்ளவில்லை. அவரது தமிழ்த் திரைப்படங்கள் வந்த பின்னரே அவர் நமக்குக் கேட்கும் தூரத்துக்கு வந்தார்.

திரைக்கு வருமுன் ஒன்றைச் சொல்ல வேண்டும். வெளியேற்றத்தைக் கதைப்படத்தில் முதன்முதலில் நான் பார்த்தது ஒரு சிங்கள இயக்குநரின் படைப்பில். பிரசன்ன விதானகேயின் 'இர மதியம' 2003இல் வெளிவந்தது. ஒன்றோடொன்று சேராமல் ஓடும் மூன்று கதைகள்: காணாமற்போன விமானியைத் தேடும் மனைவி, விடுமுறையில் வந்த இடத்தில் தங்கையை விபசார விடுதியில் காணும் சிப்பாய், ஊரைவிட்டு விரட்டப்படும் முஸ்லிம் குடும்பத்துச் சிறுவன் அரபாத். அவன் தன் நாயையும் கூட்டிக்கொண்டு போகப் பாடுபடுகிறான். இதைப் பார்த்த எங்கள் ஊர்ப் பெரியவர் ஒருவர், "முஸ்லிம் வீட்டுப் பொடியனுக்கு என்ன நாய்?" என்று கேட்டார். வன்னியில் பன்றிக் காவலுக்கு நாய் வைத்திராத வயற்காரர் யார் என்று நான் திருப்பிக் கேட்டேன். சிரித்துவிட்டுப் பேசாமல் இருந்தார். எனக்கிருந்த குறை வேறு. படத்தின் காலம் 1990களின் நடுப்பகுதி. உலகக் கிண்ணக் கிரிக்கெட் வெற்றியின் காலம். வெளியேற்றத்தை அந்தக் காலத்துக்கு நகர்த்தியதால் அதன் சொந்தத் திகதி கரைந்துபோகிறது. கலைக்கு அது சலுகை. வரலாறு படிப்பிக்கிறவனுக்கு உறுத்தல். எனினும், தமிழ்த் திரை வாய் திறக்காத காலத்தில் அந்தச் சிறுவனைப் பார்த்தோமே என்ற நன்றி எனக்கு உண்டு.

அதே காலத்தில் வன்னியிலும் படங்கள் எடுக்கப்பட்டன. இன்று அதை மறந்துவிட்டுப் பேசுகிறோம். புலிகளின் நிதர்சனம் நிறுவனம் 'ஒளிவீச்சு' என்ற காணொளிச் சஞ்சிகையையும் குறும்படங்களையும் முழுநீளப் படங்களையும் தந்தது. பெண் போராளிகள் கமரா பிடித்தார்கள், நடித்தார்கள், எழுதினார்கள். தமிழ்நாட்டிலிருந்து ஜான் மகேந்திரன் வந்து நந்தா, மதுமிதா ஆகியோரை வைத்து இங்கேயே எடுத்த 'ஆணிவேர்' 2006இல் வெளியானது. குண்டுவீச்சையும் இடப்பெயர்வையும் பிணங்களையும் அவை காட்டின. அந்தத் துயரம் பொய்யல்ல. ஆனால் நான் பார்த்த அளவில் அவற்றில் எங்கும் ஒரு முஸ்லிம் இல்லை. தொப்பி போட்ட ஒரு மாட்டு வியாபாரிகூட ஒரு காட்சியின் ஓரத்தால் நடந்து போகவில்லை. வன்னியில் நாங்கள் இருந்ததே இல்லை என்று எண்ண வைக்கும் சினிமா அது. இத்தனைக்கும் 2002 ஏப்ரல் 10ஆம் திகதி கிளிநொச்சியில் நடந்த பத்திரிகையாளர் மாநாட்டில் வெளியேற்றம் பற்றிக் கேட்கப்பட்டபோது, இயக்கத்தின் அரசியல் ஆலோசகர் அன்ரன் பாலசிங்கம் அது அரசியல் தவறு என்ற கருத்துப்பட வருத்தம் தெரிவித்திருந்தார். மூன்று நாள் கழித்துப் பிரபாகரனும் ரவூப் ஹக்கீமும் அங்கேயே உடன்பாட்டில் ஒப்பமிட்டார்கள். அரசியல் மேசையில் வந்த சொல் கமராவுக்குள் வரவில்லை.

சுமதியின் முதல் முழுநீளக் கதைப்படம் வெளியேற்றத்தைப் பற்றியதல்ல. 'இங்கிருந்து' 2013இல் வந்தது. மலையகத் தமிழரைப் பற்றியது. 1948இன் பிரஜாவுரிமைச் சட்டத்தால் நாடற்றவரானோர், 1964இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தால் இரண்டு நாடுகளுக்கிடையே எண்ணிக்கையாகப் பங்கிடப்பட்டோர். இந்தியாவுக்கு 525,000, இலங்கைக்கு 300,000, மிச்சம் 150,000 பேரைப் பிறகு பார்க்கலாம் என்று இரண்டு பிரதமர்கள் கணக்குப் பார்த்த கதை. யாழ்ப்பாணத்து மத்தியதர வர்க்கத்துப் பெண் ஒருவர் தன் முதற் படத்துக்குத் தேயிலைத் தோட்டத்தைத் தேர்ந்தது தற்செயல் அல்ல. தமிழன் என்று சொல்லும்போது யாரை வெளியே நிறுத்திவிட்டுச் சொல்கிறோம் என்பதே அவருடைய நிலையான கேள்வி. கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் இருப்போருக்கு அக்கேள்வி அந்நியமானதல்ல. 1958, 1977, 1983 கலவரங்களில் விரட்டப்பட்ட மலையகத்தார் காடு வெட்டிக் குடியேறிய மண் இது. காந்தியம் அமைப்பு வவுனியாவில் அவர்களுக்குப் பண்ணைகள் அமைத்தது. அதை நடத்திய மருத்துவர் ராஜசுந்தரம் 1983 ஜூலை 27ஆம் திகதி வெலிக்கடைச் சிறைக்குள் கொல்லப்பட்டார். என் வகுப்பில் இருக்கும் பிள்ளைகளில் பலரின் பாட்டிமார் கொழுந்து பறித்தவர்கள். அதை அந்தப் பிள்ளைகள் சொல்லிக்கொள்வதில்லை. வன்னியில் "எந்த ஊர்?" என்ற கேள்விக்கு ஒரு பொய் விடை எப்போதும் தயாராக இருக்கும்.

அடுத்த படம் சிங்களத்தில்: 'புத்து சக பியவரு', 2017. சிங்களத் திரையுலகில் இசையமைப்பாளராக வாழும் ஒரு தமிழரையும் அவரது குடும்பத்தையும் 1983 எப்படிச் சிதைத்தது என்பது பொருள். இந்தப் படத்தின் பின்னணியை நம்மவர்கள் கூர்ந்து பார்க்க வேண்டும். முதலாவது சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொரொந்துவ'வை 1947இல் தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர். சிங்களத் திரையிசையின் பொற்காலம் என்பதில் முத்துசாமியும் ரொக்சாமியும் இருக்கிறார்கள். வெசாக் காலத்தில் பந்தல்களில் ஒலிக்கும் பௌத்த பக்திப் பாடல்களைப் பாடிய குரல் முகைதீன் பெய்க் என்ற முஸ்லிமுடையது. சேலத்தில் பிறந்து வந்தவர். 1983 ஜூலையில் இயக்குநர் கே. வெங்கட் கொல்லப்பட்டார், குணரத்தினத்துக்குச் சொந்தமான ஹெந்தளை விஜயா ஸ்ரூடியோ எரிந்தது. ஒரு கலையைக் கட்டியெழுப்பியவர்களையே அந்தக் கலையின் நகரம் எரித்தது. இதைச் சிங்களப் பார்வையாளருக்குச் சிங்களத்தில் சொல்வதென்று ஒரு தமிழ்ப் பெண் தீர்மானித்தது எனக்குப் பெரிய காரியமாகப் படுகிறது. தமிழரிடம் சிங்களவரின் குற்றத்தைச் சொல்வது இலகு, கைதட்டும் கிடைக்கும். சுமதி ஒவ்வொரு தரப்புக்கும் அந்தந்தத் தரப்பின் கணக்கைக் கொண்டுபோய்க் கொடுக்கிறார்.

அப்படித் தமிழருக்குக் கொண்டுவந்த கணக்குத்தான் 'த சிங்கிள் டம்ளர்'. 2020ஐ ஒட்டி முடிக்கப்பட்டு அதன்பின் திரையிடப்பட்ட தமிழ்ப் படம். போர் முடிந்த வடக்கில் ஒரு தமிழ்க் குடும்பம். வயது போன தாய், வெளிநாட்டிலிருந்து வரும் மகள், பழைய பிணக்குகளைச் சுமக்கும் உடன்பிறந்தோர். வீட்டின் பேசாப் பொருளாக 1990 இருக்கிறது.

இந்தத் தெரிவில்தான் அவரது முக்கியத்துவம் இருக்கிறது என்று நினைக்கிறேன். வெளியேற்றம் பற்றி நாமும் நமக்காகப் பேசியவர்களும் இதுவரை செய்தது பெரும்பாலும் சாட்சியம். முல்லை முஸ்ரிபா போன்றோரின் கவிதைகள், பேராசிரியர் எஸ்.எச். ஹஸ்புல்லாவின் ஆய்வுகள், சட்டத்துக்கும் சமூகத்துக்குமான நிதியத்தின் துணையோடு இயங்கிய பிரஜைகள் ஆணைக்குழு 2011இல் வெளியிட்ட அறிக்கை ஆகிய அனைத்தும் விரட்டப்பட்டவரின் பக்கம் நின்று பேசுபவை. நடந்ததை நடந்ததாக நிறுவ அவை அவசியமாக இருந்தன, இன்னும் இருக்கின்றன. ஆனால் லொறி ஏறிப் போனவர்களின் கதையில் ஒரு பாதிதான் புத்தளத்துக்குப் போனது. மறுபாதி வேலிக்கு இந்தப் பக்கத்தில் நின்றுவிட்டது. சாவியை யாரிடம் கொடுத்தோம், அவர் அதை என்ன செய்தார்? கோழிகளை யார் பிடித்தார்கள்? கதவையும் கூரை ஓட்டையும் யார் கழற்றினார்கள்? அழுதவர் யார், கதவைச் சாத்திக்கொண்டவர் யார்? அடுத்த நாள் காலை அந்தத் தமிழ் வீட்டில் தேநீர் குடிக்கும்போது பிள்ளைகளுக்கு என்ன சொன்னார்கள்? இதைச் சொல்ல நம்மால் முடியாது. நாங்கள் அங்கு இல்லை. அந்த வீட்டுக்குள் இருந்தவர்தான் சொல்ல வேண்டும். சுமதி கமராவை அந்த வீட்டுக்குள் வைத்தார்.

அதை வைக்கும் உரிமை அவருக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்டால், தமக்கையின் கொலையைச் சுட்டுவது எளிது. நான் அப்படிச் சொல்லமாட்டேன். இழப்பு மட்டுமே ஒருவரை நேர்மையாளராக்குவதில்லை. வன்னியில் இழப்பில்லாத வீடு இல்லை. இழப்பைத் தன் இனத்தின் சொத்தாக்கிக்கொள்ள மறுப்பது வேறொரு பயிற்சி. இந்தக் குடும்பத்தில் அது ஒருவரோடு நிற்கவில்லை. தாயாக நடித்த ஷாரிகா மானிடவியலாளராகி 2011இல் வெளியிட்ட 'இன் மை மதர்ஸ் ஹவுஸ்' என்ற நூலில், யாழ்ப்பாணத் தமிழரோடு புத்தளத்தில் வாழ்ந்த வடபுல முஸ்லிம்களையும் சம அளவில் வைத்து எழுதியிருக்கிறார். நூலின் தலைப்பில் இருப்பது தாயின் வீடு. அதற்குள் நாமும் இருக்கிறோம்.

கதைப்படத்தோடு சுமதி நிறுத்தவில்லை. வில்லுகளின் நடுவே பாலைக்குழி என்று பொருள்படும் ஆங்கிலத் தலைப்பில் ஓர் ஆவணப்படத்தையும் எடுத்தார். முசலிப் பிரதேசத்தின் மறிச்சுக்கட்டி, கரடிக்குழி, பாலைக்குழி ஊர்களை நம் வாசகருக்கு அறிமுகப்படுத்தத் தேவையில்லை. 1990இல் போன மக்கள் இருபது ஆண்டு கழித்துத் திரும்பியபோது, ஊர் காடாகி இருந்தது. காடாகிய ஊரை 2012 ஒக்டோபரில் வர்த்தமானி காட்டு ஒதுக்கம் ஆக்கியது. பற்றையை வெட்டி வீடு கட்டியவர்கள் வில்பத்துவை அழிக்கும் முஸ்லிம்கள் என்று தென்னிலங்கைத் தொலைக்காட்சிகளில் தோன்றினார்கள். 2017இல் மாவில்லுப் பேணற்காடு என்ற புதிய பிரகடனம் வந்தது. வழக்கும் தீர்ப்பும் தொடர்ந்தன. காட்டைக் காப்பது நல்ல காரியந்தான். சூழலியலாளர் சொல்வதில் நியாயமே இல்லை என்று வாதாடும் நம்மவரோடும் எனக்கு உடன்பாடில்லை. ஆனால் ஒரு காட்டின் வயதைக் கணிக்கும்போது அது எந்த ஆண்டில், எதனால் முளைத்தது என்று கேட்காமல் விடுவது எந்த அறிவியல்? ஒரு மரத்தின் வட்டங்களை எண்ணி 1990இல் நிறுத்தினால் அங்கே ஒரு கிணற்றுக்கட்டு தட்டுப்படும். அக்கிணற்றின் உரிமையாளர் உயிரோடு இருக்கிறார் என்பதைக் காட்ட ஓர் ஆவணப்படம் வேண்டியிருந்தது.

2014இல் அளுத்கம, 2018இல் திகன, 2019 ஏப்ரலுக்குப் பின் வந்த பழிவாங்கல்கள். முஸ்லிம் என்ற பெயரே சந்தேகத்துக்குரியதாக்கப்பட்ட ஆண்டுகளின் முடிவில் இந்த இரண்டு படங்களும் வந்தன என்பதைச் சேர்த்துப் பார்க்க வேண்டும். அந்தக் காலத்தில் முஸ்லிம்களைப் பற்றி அனுதாபத்தோடு ஒரு படம் எடுப்பதால் எவருக்கும் வசூலும் இல்லை, வாக்கும் இல்லை. சுயாதீன சினிமா என்ற சொல்லுக்கு இங்கே உண்மையான அர்த்தம் அதுதான்: பெரிய கம்பனியின் காசு இல்லை என்பது பாதி, ஒரு கூட்டத்தின் கைதட்டலும் தேவையில்லை என்பது மறுபாதி. இதே ஆள்தான் 2012இல் கல்விக்கு மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 6 சதவீதம் கேட்டுப் பல்கலைக்கழக ஆசிரியர் நடத்திய போராட்டத்திலும் குரல் கொடுத்தவர். இலவசக் கல்வியால் வாத்தியார் ஆனவன் என்ற முறையில் அது எனக்கு ஒரு தனிப் பிரியம்.

குறைகள் இல்லையா? உண்டு. அவரது படங்கள் பேச்சை நம்புகின்றன. மேடையிலிருந்து வந்தவருக்கு அது இயல்பு. ஓட்டத்தை எதிர்பார்த்து உட்காரும் பார்வையாளன் நெளிவான். மேலும் அவை சுற்றும் வட்டம் சிறியது: திரைப்பட விழாக்கள், பல்கலைக்கழக மண்டபங்கள், கொழும்பின் கலை அரங்குகள். யாரிடம் அந்தக் கணக்கைக் கொடுக்க வேண்டுமோ அவர்கள் வற்றாப்பளையிலும் தருமபுரத்திலும் மாலையில் தென்னிந்தியத் தொடர்நாடகம் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். பள்ளிக்கூடங்களுக்கு இப்படங்களைக் கொண்டுவரலாமே என்று ஒரு கூட்டத்தில் நான் கேட்டபோது, "உள்ள பிரச்சினை காணாதா சேர்?" என்று ஓர் அதிகாரி கேட்டார். அவரைக் குறைசொல்லிப் பயனில்லை. நான் படிப்பிக்கும் வரலாற்றுப் பாடநூலில் பொலநறுவைக் காலத்துக் குளங்கள் வரிசையாக வருகின்றன. 1990 ஒக்டோபர் வருவதில்லை. முஸ்லிம் பிள்ளைக்கு அது வீட்டுக் கதை. பக்கத்து வாங்கில் இருக்கும் தமிழ்ப் பிள்ளைக்கு அது கேள்விப்படாத கதை. அதுபோலவே 2009இல் மாத்தளனுக்கும் முள்ளிவாய்க்காலுக்கும் இடையில் நடந்தது தமிழ்ப் பிள்ளைக்கு வீட்டுக் கதை. புத்தளத்தில் பிறந்து இங்கு வந்த முஸ்லிம் பிள்ளைக்குச் செய்தி. இரண்டு வாங்குகளுக்கும் நடுவில் ஒரு முழம் இடைவெளி.

முல்லைத்தீவின் வெளியேற்றத்துக்கு இன்னும் ஒரு படம் இல்லை. மன்னாரைவிட, யாழ்ப்பாணத்தைவிட எங்கள் கதை சிக்கலானது. திரும்பி வந்தபோது எங்களை அனுப்பிவைத்த அயலவர்களும் எல்லாவற்றையும் இழந்து, செட்டிகுளம் மெனிக் பாம் முகாமிலிருந்து அதே பாதையால் வந்துகொண்டிருந்தார்கள். ஒரே காணிக்கு இரண்டு அகதிகள். முள்ளியவளைப் பக்கம் குடியேற்றக் காணி குறித்து எழுந்த சச்சரவுகளில், இருபது வருடம் முன் கேட்கவேண்டிய கேள்விகள் எல்லாம் வேறு உருவில் கேட்கப்பட்டன. அதை எடுப்பதற்குச் சுமதி வரவேண்டும் என்று காத்திருப்பதில் அர்த்தமில்லை. தமிழ் வீட்டுக்குள் கமரா வைத்தவர் அவர். நமது வீட்டுக்குள் வைக்க வேண்டியவர் நம்மவரே. 1990 ஒகஸ்டில் காத்தான்குடியிலும் ஏறாவூரிலும் கொன்றவர்களைப் பற்றி உரத்துப் பேசும் நாம், அதே மாதங்களில் கிழக்கில் ஊர்காவல் படையின் பெயரால் தமிழ்க் கிராமங்களில் நடந்தவற்றைப் பற்றி எந்தக் கதையில் பேசியிருக்கிறோம்?

நீராவிப்பிட்டியில் அந்த ஒக்டோபரைப் பெரியவர்களாகக் கண்டவர்கள் இப்போது எழுபதையும் எண்பதையும் தாண்டிவிட்டார்கள். வேலிக்கு மறுபக்கம் நின்று பார்த்த தமிழ்த் தாய்மாரும் அதே வயதினர். இடையில் முள்ளிவாய்க்காலையும் கடந்து வந்தவர்கள். இரு தரப்பிலும் மாதத்துக்கு ஒரு மௌத்தோ ஒரு செத்தவீடோ நடக்கிறது. நாங்கள் அவர்களிடமும் அவர்கள் எங்களிடமும் போய் வருகிறோம். கதிரை போட்டு இருத்துகிறார்கள், சோடா தருகிறார்கள். அந்த நாளைப் பற்றி ஒருவரும் கேட்பதில்லை.